டீசல் முடிந்த நாலு நிமிடம்

ஜெனரேற்றரைத் தள்ளி வைக்கச் சொன்னா.
வைத்தேன்.
இன்னும் தள்ளி என்றா.
நானூறு அடி வயர் இழுத்து
விளாமரத்துக்கு அங்கால் கொண்டுபோய் இறக்கிய பிறகும்
இரும்பில் காதை ஒட்டிக்கொண்டு
"கேக்குது சியாத் நானா, இன்னும் கேக்குது"
என்றா கோசலை.

பிறந்தது உவர்மலை, வந்தது பெர்லினில் இருந்து.
அவவின் படம் எனக்குத் தெரியாது.
கல்யாணம், கந்தூரி, கட்சிக் கூட்டம்
எல்லாத்துக்கும் ஒரே வெளிச்சம்தான் கொடுத்திருக்கிறேன்.
இருட்டுக்குக் கரண்ட் கேட்ட முதல் ஆள் இவ.

சீனன்குடாக் காட்டுக்குள்
வெள்ளைக்காரன் எண்ணெய்க்குக் கட்டிய தாங்கி.
எண்ணெய் போய், துரு இருந்தது.
ஆள் குனிந்து போகிற ஓட்டை ஒன்று.
உள்ளே நடுவில் நிலாவெளி உப்பு, நாற்பது மூட்டை,
கணுக்கால் புதையக் கொட்டினோம்.
கொழும்பில் இருந்து வந்தவர்கள்
பள்ளிக்குள் போவதுபோல் செருப்பைக் கழற்றினார்கள்.
எங்கட பெடியன்கள் கழற்றிக்
கையில் எடுத்துக்கொண்டு போனார்கள்.

மிச்சமெல்லாம் கேள்விப்பட்டதுதான்.
படம் திரையில் இல்லையாம்,
மேலிருந்து ஒழுகும் தண்ணீரில் விழுகிறதாம்.
துறைமுகத்துக்கு அடியில் மைக் இறக்கிப் பிடித்த சத்தம்
காது வழியாக இல்லை,
குதிகால் வழியாக ஏறுகிறதாம்.
ஒருவருக்குக் கருவாடு மணத்ததாம்,
பக்கத்தில் நின்றவவுக்கு
கன்னியாக் கிணற்றின் சுடுதண்ணி ஆவி.
மீனவர் சங்கத் தலைவர் வெளியே வந்து
"கடலைப் பிடிச்சு இரும்புக்குள்ள அடைச்சிருக்கிறா" என்று
என்னிடம் பீடி கேட்டார்.
நான் விளாமரத்தடியில்,
தக்கதக்கதக்கவுக்குப் பக்கத்தில்.

இரண்டாம் நாள் பின்னேரம் டீசல் முடிந்தது.
என் பிழை.
இரண்டு லீற்றரை மச்சானின் லேண்ட்மாஸ்டருக்கு
ஊற்றிக் கொடுத்திருந்தேன்.
கேனோடு ஓடினேன், கை நடுங்கிப் பாதி மண்ணுக்கு.
கைபிடியைச் சுற்றுகிறேன், பிடிக்கவில்லை,
சுற்றுகிறேன்.
உள்ளே இருந்து ஒருவரும் கத்தவில்லை.

வெளியே வந்த முகங்கள்
தூக்கத்தில் எழுப்பிய பிள்ளை முகங்கள்.
ஒரு பொம்பிளை கோசலையின் இரண்டு கையையும் பிடித்து
"அந்த இருட்டு, அந்த இருமல்" என்றா,
பிறகு ஒன்றும் வரவில்லை.
ஆரோ இருமினார்களாம்.
அந்த இருமல் சுற்றிச் சுற்றி
இருக்க இடம் தேடி
எல்லார் நெஞ்சிலும் வந்து இருந்ததாம்.

கோசலை என்னைத் தேடி வந்தா.
சம்பளத்தில் வெட்டப்போறா என்று நின்றேன்.
"எவ்வளவு நேரம் நானா?"
"நாலு நிமிசம்."
பேனையால் உள்ளங்கையில் எழுதினா.

அடுத்த நாள் அதே நேரம் டோர்ச் அடித்தா.
நிறுத்தினேன்.
மணிக்கூட்டைப் பார்த்து, சரியாக நாலு நிமிடம்.
வந்தவர்கள் நல்லம் என்றார்கள்.
போனை எடுத்துப் பார்த்தார்கள்.
"இண்டைக்கு நீங்க பயப்படேல்ல, அதுதான்" என்றா.
பகிடியோ உண்மையோ.

கழற்றுகிற நாள்
ஆட்கள் வர முதல் உள்ளே போனேன்.
படம் இல்லை, தண்ணீர் இல்லை.
ஜெனரேற்றர் லொறியில் ஏறிக்
கயிற்றுக் கட்டோடு வாய் மூடிக் கிடந்தது.
இருபது வருசமாக
அதன் சத்தத்துக்கு மேலால் கத்தித்தான் கதைத்திருக்கிறேன்.
என்ன சொல்ல என்று தெரியாமல்
"டீசல் முடிஞ்சுது" என்றேன்.
முடிஞ்சுது என்றது இரும்பு.
முடிஞ்சுது,
ஞ்சுது,
து
என்று அது அடங்குவதற்குள்
கேனோடு ஓடினபோது கல் கிழித்த காயத்தை
உப்பு கண்டுபிடித்துவிட்டது.

மூட்டை எண்ணக் கூப்பிட்டா கோசலை.
முப்பத்தெட்டுத்தான் தேறியது.
இரண்டு மூட்டை
கொழும்புக்கும் கிண்ணியாவுக்கும்
காலோடு போயிருக்கும்.